காலிவாபிள்ஸ்

எனக்குப் பயம் வந்தால் அது முதலில் வயிற்றுக்குத்தான் வரும். நெஞ்சு படபடப்பது, கை நடுங்குவது எல்லாம் அதற்கு அப்புறம். மேலதிகாரி ஆய்வுக்கு வருகிறார் என்று தலைமையாசிரியர் சொல்லி முடிப்பதற்குள் நான் கழிப்பறைப் பக்கம் போயிருப்பேன். என் வீட்டுக்காரர் சிங்கப்பூர் வேலைக்கு விமானம் ஏறிய நாளில், அவர் திரும்பிப் பார்த்துக் கையசைத்தபோது நான் அந்த இடத்திலேயே இல்லை. எங்கே இருந்தேன் என்று சொல்லத் தேவையில்லை. மகள் பத்தாம் வகுப்புப் பரீட்சை எழுதியபோது அவள் வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டுப் போனாள். நான்தான் ஓமத் தண்ணீரில் காலம் தள்ளினேன்.

நாங்கள் புதுக்கோட்டை மாவட்டத்தில் ஆவூர்ப் பக்கத்துக்காரர்கள். குளத்தூர் வட்டத்தில் ஓர் அரசுப் பள்ளியில் நான் தமிழாசிரியை. வீட்டுக்காரர் சிங்கப்பூரிலிருந்து திரும்பிவந்து கீரனூரில் மோட்டார் ரிப்பேர் கடை வைத்திருக்கிறார். எதற்கும் அசையாத மனிதர். இடி விழுந்தாலும் காபியைக் குடித்து முடித்துவிட்டுத்தான் எழுந்திருப்பார். ஒரே மகள் நர்ஸுக்குப் படித்துவிட்டுத் திருச்சியில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் வேலை பார்த்தாள். அவளோடு வேலை பார்த்த பிள்ளைகள் ஒவ்வொருத்தியாக இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். நானும் போகப் போகிறேன் என்று இவளும் ஒரு நாள் சொன்னாள். அன்றைக்கு ஆரம்பித்தது என் வயிற்றுக்குப் புது வேலை.

அதற்காக ஆங்கிலப் பயிற்சி வகுப்பில் சேர்ந்தாள். புத்தக ஆங்கிலம் போதாது, அந்த ஊர்க் கிழவன் கிழவிகள் வார்டில் படுத்துக்கொண்டு என்னென்ன சொல்வார்கள் என்பதும் தெரிய வேண்டும் என்று அங்கே சொல்லிக்கொடுத்தார்களாம். ஒரு சனிக்கிழமை வீட்டுக்கு வந்தவள் செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலிருந்தே கத்தினாள்.

"அம்மா, ஒனக்குன்னே இங்கிலீஷ்ல ஒரு வார்த்தை செஞ்சு வச்சிருக்காங்கம்மா!"

"என்ன வார்த்தை?"

"காலிவாபிள்ஸ்."

திட்டுகிறாளோ என்று நினைத்தேன். காலி என்றால் எனக்குத் தெரிந்து இரண்டே அர்த்தம். ஒன்று, ஒன்றும் இல்லாதது. இன்னொன்று, தெருவில் வம்பு செய்கிறவன். இரண்டில் எந்த அர்த்தத்தில் என்னைச் சொல்கிறாய் என்று கேட்டேன். அவள் விழுந்து விழுந்து சிரித்துவிட்டு விளக்கம் சொன்னாள். வாபிள் என்றால் தள்ளாடுவது, ஆட்டம் காண்பது. முன்பாதி, வயிற்றுப் பிடிப்புக்கு அவர்கள் வைத்திருக்கும் ஒரு சொல்லிலிருந்து வந்ததாம். இல்லை, காலரா நோயின் பழைய லத்தீன் பெயரைச் சனங்கள் வாய்க்கு வந்தபடி திரித்ததுதான் என்று சொல்கிறவர்களும் உண்டாம். படித்தவர்களுக்கே உறுதியாகத் தெரியவில்லை. வயிறு சரியில்லை என்றாலும் காலிவாபிள்ஸ்தான், பயத்தில் வயிறு கலங்கினாலும் காலிவாபிள்ஸ்தான். எப்போதும் பன்மையில்தான் வரும். ஒற்றைக் காலிவாபிள் யாருக்கும் வருவதில்லை. கொஞ்சம் சிரித்துக்கொண்டே சொல்கிற சொல்லாம். குழந்தைகள் சொல்லலாம், பாட்டிமார் சொல்லலாம், டாக்டர் எழுதமாட்டார்.

தமிழாசிரியைக்கு ரோஷம் வராமல் இருக்குமா? நம்மிடம் இல்லாததா என்று நான் ஆரம்பித்துவிட்டேன். வயிற்றைக் கலக்கும், வயிற்றில் புளியைக் கரைக்கும், அடிவயிறு சில்லிடும், வயிறு பகீரென்னும். பக்கத்து வீட்டுக்காரன் கார் வாங்கினால் வயிறு எரியும். நல்ல செய்தி வந்தால் அதே வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருக்கும். தமிழனுக்கு மனசு இருப்பதே வயிற்றில்தான். இப்படி அடுக்கிக்கொண்டே போனேன். ஆனால் சொல்லிக்கொண்டிருக்கும்போதே ஒரு குறை தெரிந்தது. பயத்துக்கு நாம் வைத்திருக்கிற எதிலும் சிரிப்பு இல்லை. புளியைக் கரைக்குது என்று சொல்கிறவளைப் பார்த்து யாரும் சிரிப்பதில்லை, என்ன ஏது என்று பதறுவார்கள். காலிவாபிள்ஸ் என்றால் பதற வேண்டாம். எனக்கு அந்தச் சொல் பிடித்துவிட்டது.

வீட்டுக்காரருக்கு இன்னும் அதிகமாகப் பிடித்துவிட்டது. முழுசாகச் சொல்ல நாக்கு புரளாததால் அதைக் 'காலி' என்று சுருக்கிக்கொண்டார். நான் சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தால், "என்ன டீச்சர், காலியா?" என்பார். ஒருநாள் காலையில் முற்றத்தில் நின்று மகளோடு போனில் பேசிக்கொண்டிருந்தவர், "ஒங்கம்மாவா? அவ விடியும்போதே காலி" என்று உரக்கச் சொல்லிவிட்டார். பள்ளியில் அன்றைக்கு ஆய்வு, அவ்வளவுதான் விஷயம். மதிலுக்கு அந்தப் பக்கம் துணி காயப்போட்டுக்கொண்டிருந்த பக்கத்து வீட்டு அக்காவுக்கு வேறு விதமாகக் கேட்டுவிட்டது.

"அடி ஆத்தே! டீச்சரம்மா போயிருச்சா?" என்று நெஞ்சில் அடித்துக்கொண்டு ஓடிவந்தது. நான் அடுப்படியில் நின்று தோசையைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தேன். என்னைப் பார்த்ததும் அக்காவுக்கு மூச்சே நின்றுவிட்டது. ஒரு தோசை கொடுத்து உட்கார வைத்தோம்.

அதற்குப் பிறகு தெரு முழுக்க அந்தச் சொல் பரவிவிட்டது. நான் முகம் வாடி நின்றால், "என்ன டீச்சரம்மா, காலியா?" என்று கேட்டுவிட்டுச் சிரித்துக்கொண்டே போய்விடுவார்கள். முன்பெல்லாம் சீரகம் போட்டுக் குடி, மோர் குடி, டாக்டரைப் பார் என்று ஏதாவது சொல்வார்கள். இப்போது அந்தத் தொந்தரவும் இல்லை. பெயர் வைத்தாகிவிட்டது, அதற்கு மேல் கேட்க என்ன இருக்கிறது?

மகள் ஆங்கிலத் தேர்வில் தேறினாள். இங்கிலாந்தில் ஓர் ஆஸ்பத்திரி அவளை வீடியோவில் நேர்முகம் காணத் தேதி கொடுத்தது. அவர்களுக்குக் காலை, நமக்கு மத்தியானம். வீட்டிலிருந்தே பேசப்போகிறேன் என்று அவள் விடுப்பு எடுத்துக்கொண்டு வந்துவிட்டாள். இதைவிடப் பெரிய தண்டனையை எனக்கு யாரும் கொடுத்திருக்க முடியாது. கரண்டு போய்விடுமே. சிக்னல் விட்டுவிட்டு வருமே. நேர்முகம் நடக்கும்போது எவனாவது மைக் செட்டைப் போட்டுவிட்டால்? பக்கத்து வீட்டு அக்காவிடம் போய் மத்தியானம் மிக்ஸி போட வேண்டாம் என்று சொல்லிவைத்தேன். அவர்கள் வீட்டுச் சேவலை என்ன செய்வது என்று தெரியவில்லை. குழம்பு வைத்துவிடுங்கள் என்று கேட்க வாய் வரை வந்தது, அடக்கிக்கொண்டேன்.

முதல் நாள் சாயங்காலமே தொப்புளைச் சுற்றி மந்தமாக ஒரு வலி வந்துவிட்டது. வழக்கமான ஆள்தான், வந்து சேர்ந்துவிட்டார் என்று நினைத்தேன். ராத்திரி தூக்கமில்லை. காலையில் காபி வாடையே ஆகவில்லை. ஒருமுறை வாந்தி எடுத்தேன். சத்தம் கேட்காமலிருக்கக் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டேன். ஜெபமாலையை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தால் மணி நகரவில்லை, விரல் சில்லிட்டிருந்தது. வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார்.

"காலிதானே?"

"ஆமாங்க. அதேதான்."

"பாப்பா செலெக்ட் ஆயிருச்சுன்னா தானா சரியாயிரும். சும்மா படு."

மகளும் கண்ணாடி முன்னால் தலையைப் படிய வாரிக்கொண்டே, "அம்மா, எனக்கும் சேர்த்து நீயே பயந்துரு, என்ன?" என்றாள். நான் சிரித்தேன். சிரித்தபோது வயிறு இழுத்துப் பிடித்தது. இந்தத் தடவை கொஞ்சம் கூடுதலாகத்தான் இருக்கிறது என்று தோன்றியது. மகள் கடல் தாண்டிப் போவது என்ன சின்ன விஷயமா, வலியும் அதற்குத் தக்கபடிதானே இருக்கும்? அப்படித்தான் நான் கணக்குப் போட்டேன்.

உள்ளறையில் மடிக்கணினியை மேசைமேல் வைத்து, பின்னால் வெறும் சுவர் தெரியும்படி நாற்காலியைத் திருப்பிப் போட்டு, கதவைச் சாத்திக்கொண்டாள். வீட்டுக்காரர் வாசல் கேட் அருகே காவல். நான் வெளியே, கதவில் முதுகைச் சாய்த்துத் தரையில் உட்கார்ந்துகொண்டேன். உட்காரும்போதே தெரிந்தது, வலி தொப்புளை விட்டு நகர்ந்து வலப்பக்கம் கீழே இறங்கியிருந்தது. காலை நீட்டினால் சுருக்கென்றது, மடக்கினால் தேவலை. சேசுவே, இது முடிகிற வரை என்னைக் கத்தவிடாதே என்று வேண்டிக்கொண்டு காலை மடக்கிக்கொண்டேன்.

உள்ளே ஒரு பெண் குரல் கேட்டது. வயதான குரல், அதட்டல் இல்லாத குரல். என் ஆங்கிலம் பெரிய ஆங்கிலமில்லை, ஆனாலும் மெதுவாகப் பேசினால் விளங்கும். அந்த அம்மாள் வணக்கம் சொன்னார், பெயர் கேட்டார், அங்கே மழை பெய்கிறது என்றார். பாப்பாவின் குரல் கம்மியிருந்தது. அந்த அம்மாள் அதைக் கவனித்திருக்க வேண்டும். பயமாக இருக்கிறதா என்று கேட்கிற விதத்தில், காலிவாபிள்ஸா என்று கேட்டார்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. அது இங்கிலீஷ்க்காரர்களின் சொல் என்பதே எனக்கு மறந்துபோய், எங்கள் தெருவுக்குள் மட்டும் புழங்குகிற சொல் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். உள்ளே மகள் சிரித்துவிட்டாள். சிரிப்பை அடக்கப் பார்த்து இன்னும் அதிகமாகச் சிரித்தாள். போச்சு, எல்லாம் போச்சு என்று நான் வாயைப் பொத்திக்கொண்டேன். அந்த அம்மாள் என்ன விஷயம் என்று கேட்டார். இவளும் சொல்லிவிட்டாள்: அது என் அம்மாவுக்கான சொல், எனக்குப் பதிலாக அவர்தான் அந்த அவஸ்தையைப் படுகிறார், இப்போதுகூடக் கதவுக்கு வெளியே வயிற்று வலியோடு உட்கார்ந்திருக்கிறார் என்று.

அந்த அம்மாளும் சிரித்தார். சிரித்து முடித்ததும் சாதாரணமாக ஒரு கேள்வி கேட்டார். வலி எந்த இடத்தில் இருக்கிறது?

உள்ளே சத்தமே இல்லை. இணையம் போய்விட்டதோ என்றுதான் முதலில் நினைத்தேன். மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. பிறகு மகள் மெல்ல, தெரியவில்லை, நான் கேட்கவில்லை என்றாள். நாற்காலி பின்னால் நகர்ந்தது. நான் எழுந்து ஓடிவிடலாம் என்று பார்த்தேன், உடம்பு ஒத்துழைக்கவில்லை. கதவு திறந்தது. அதில் சாய்ந்திருந்த நான் அப்படியே மல்லாந்து அறைக்குள் விழுந்தேன். திரையில் நரைத்த தலையோடு ஓர் அம்மாள் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு என்னைப் பார்த்தார்.

மகள் குனிந்தாள். "அம்மா, எந்த எடத்துல வலிக்குது?"

"எங்கயும் இல்ல. நீ போ, அந்தம்மா காத்துக்கிட்டு இருக்காங்க."

"எந்த எடத்துலம்மா?"

"போடிங்கிறேன்ல!"

அவள் போகவில்லை. வயிற்றில் கை வைத்தாள். என் மகளின் கையை எனக்குத் தெரியும். ஆனால் இது வேறு கை. இடப்பக்கம் அழுத்தினாள், மேலே அழுத்தினாள். வலப்பக்கம் கீழே மெதுவாக அழுத்திச் சட்டென்று விட்டாள். அழுத்தியதைவிட விட்டதில்தான் உயிர் போனது. மைக் ஓடிக்கொண்டிருக்கிறதே என்று முந்தானையை வாயில் திணித்துக்கொண்டேன். அவள் என் முகத்தைப் பார்த்தாள். சிரித்துக்கொண்டிருந்த பிள்ளையின் முகம் அப்படி மாறி நான் பார்த்ததில்லை.

திரைக்குத் திரும்பி ஆங்கிலத்தில் நாலு வாக்கியம் படபடவென்று சொன்னாள். இதற்கு முன்னால் கம்மியிருந்த குரல் இப்போது கொஞ்சமும் கம்மவில்லை. அந்த அம்மாள், "கோ, கோ" என்றார். திரை அணைந்தது.

போ என்று சொல்லிவிட்டார்களே என்று நான் அழுதேன். நேர்முகத்துக்கு வந்தவளைப் போ என்றால் வேறு என்ன அர்த்தம்? பக்கத்து வீட்டு அக்காவின் மகன் காரை எடுத்தான். புதுக்கோட்டை போகிற வழி முழுக்க நான் அவளைத் திட்டிக்கொண்டே வந்தேன். எனக்கு ஒன்றுமில்லை, இது எப்போதும் வருகிறதுதான், நீ திரும்பிப் போய் அந்தம்மாவிடம் பேசு, இத்தனை நாள் படித்தது இதற்கா என்றெல்லாம். வேகத்தடை வரும்போது மட்டும் பேச்சு நின்றது. அவள் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே வந்தாள்.

ஆஸ்பத்திரியில் என்னைச் சக்கர நாற்காலியில் வைத்ததும் வரவேற்பில் இருந்த நர்ஸ் கேட்டாள், "அம்மாவுக்கு என்ன செய்யுது?"

எதற்கும் அசையாத என் வீட்டுக்காரருக்கு வாயில் வேறெதுவும் வரவில்லை. "காலி... காலி" என்றார்.

"வயிறு காலியாத்தான் இருக்கா? கடைசியா எப்ப சாப்பிட்டாங்க?" என்று அவள் எழுத ஆரம்பித்துவிட்டாள். அவர் பேந்தப் பேந்த விழித்தார். மகள் அவரைத் தள்ளிவிட்டு முன்னால் வந்து, நேத்து சாயங்காலம் தொப்புள்கிட்ட ஆரம்பிச்சுது, இப்ப வலது பக்கம் கீழ இருக்கு, அழுத்திட்டு விட்டா வலி கூடுது என்று ஒழுங்காகச் சொன்னாள். எப்போது ஆரம்பித்தது, எங்கே ஆரம்பித்தது என்பதையெல்லாம் நான் அவளிடம் வரும் வழியில்தான் சொல்லியிருந்தேன், திட்டுகளுக்கு நடுவில்.

குடல்வால் வீங்கி வெடிக்கிற நிலைமையில் இருந்ததாம். அன்றைக்கே ஆபரேஷன். இன்னும் ஒரு பொழுது விட்டிருந்தால் விபரீதமாகியிருக்கும் என்று டாக்டர் வீட்டுக்காரரிடம் சொன்னார். அவர் வெளியே போய் நின்றுகொண்டு அழுததாகப் பிறகு அக்காவின் மகன் சொன்னான். அவர் இதுவரை ஒத்துக்கொள்ளவில்லை.

மயக்கம் தெளிந்து, மறுநாள் தையல் மட்டும் இழுத்துக்கொண்டிருந்தபோது ஒன்று கவனித்தேன். அந்த வலி போயிருந்தது. பயம் போகவில்லை. அது அதே இடத்தில், தொப்புளுக்கு மேலே, எப்போதும் இருக்கிற மாதிரி உட்கார்ந்திருந்தது. இத்தனை வருடம் இரண்டையும் ஒன்றென்றே நினைத்துவிட்டேன். ஒரு சொல் இரண்டுக்கும் சேர்த்து இருந்ததால் ஏற்பட்ட குழப்பம் என்று சொல்லமாட்டேன். நம்முடைய 'வயிற்றைக் கலக்குது' என்பதும் அப்படித்தானே, பேதிக்கும் அதுதான், பீதிக்கும் அதுதான். கேட்கிறவர்கள் ஒரு கேள்வி கேட்டால் பிரிந்துவிடும். கேட்கத்தான் ஆள் வேண்டும்.

மகள் கட்டில் அருகே உட்கார்ந்து ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தாள். எனக்குக் கொடுக்க முடியாது, அவளே தின்றாள்.

"வேலை போச்சாடி?" என்றேன்.

"தெரியலம்மா. பேசாம படு."

போயிருக்கக் கூடாது என்றுதான் விரும்பினேன். போயிருந்தால் இங்கேயே இருப்பாளே என்றும் விரும்பினேன். இரண்டும் ஒரே சமயத்தில் இருந்தன, இரண்டும் நிஜம். ஜெபமாலையைக் கையில் வைத்துக்கொண்டு எதற்காக வேண்டுவது என்று தெரியாமல் படுத்திருந்தேன்.

நான் வீட்டுக்கு வந்த பிறகு அந்த அம்மாள் மறுபடியும் தேதி கொடுத்தார். இந்தத் தடவை கதவைச் சாத்தவில்லை. எடுத்தவுடனே அம்மா எங்கே என்று கேட்டார். மகள் என்னைக் கைத்தாங்கலாகக் கூட்டிப்போய்த் திரைக்கு முன்னால் உட்கார வைத்தாள். என்ன பேசுவது என்று தெரியாமல் நான் வலப்பக்கம் கீழே கையை வைத்துக் காட்டினேன். அந்த அம்மாள் தலையை ஆட்டினார். உங்கள் மகள் நேர்முகத்தைப் பாதியில் விட்டுவிட்டு எழுந்து போனாளே, எனக்கு அந்த மாதிரி நர்ஸ்தான் வேண்டும் என்று மெதுவாக, எனக்கு விளங்கும்படி சொன்னார்.

வேலை உறுதியானதும் தெருவே கூடி, டீச்சரம்மா வயித்துல பாலை வாத்தாச்சு என்றது. வீட்டுக்காரர் எல்லாருக்கும் லட்டு கொடுத்தார். எனக்கு மட்டும் அதே வயிற்றில் அதே புளிதான். கோபம் வந்தால் கொஞ்சம் ஆறுதலாக இருக்கும் என்று அந்த அம்மாள் மேல் கோபப்பட்டுப் பார்த்தேன். என் பிள்ளையை என்னிடமிருந்து பிரித்துக்கொண்டு போகிறவர் அவர்தான். எனக்கு எங்கே வலிக்கிறது என்று முதலில் கேட்டவரும் அவர்தான். திட்ட வாயெடுத்தால் திட்டு வரவில்லை.

அன்றைக்குச் சாயங்காலம் மகள் என் பக்கத்தில் வந்து படுத்துக்கொண்டாள். தையல் மேல் படாமல் கையைத் தள்ளி வைத்துக்கொண்டு, "நான் போகட்டுமாம்மா?" என்றாள். இப்போதுதான் கேட்கிறாள், எல்லாம் முடிந்த பிறகு. நான் வேண்டாமென்றால் நின்றுவிடுவாள் என்று எனக்குத் தெரிந்தது. அதுதான் என்னைப் பயமுறுத்தியது. சொல்வதற்கு என்னிடம் காரணம் இல்லாமலில்லை, புத்தம்புதுத் தையலே இருந்தது.

"போயிட்டு வாடி" என்றேன்.

அவள் என் தோளில் முகத்தை வைத்துக்கொண்டாள். அதற்குமேல் என்னால் முடியவில்லை.

"எப்ப வருவ?" என்று கேட்டேன்.

அவள் இன்னும் விசாவுக்கே எழுதிப் போட்டிருக்கவில்லை.